மஞ்சள் சீட்டு யாருக்கு?

2019 டிசம்பர் கடைசியில் ஊரக உள்ளாட்சித் தேர்தல் நடந்தபோது கிராமத்து வாக்காளர் ஒவ்வொருவரிடமும் நான்கு சீட்டுகள் கொடுத்தார்கள். வார்டு உறுப்பினருக்கு வெள்ளை, ஊராட்சித் தலைவருக்கு இளஞ்சிவப்பு, ஒன்றியக் கவுன்சிலருக்குப் பச்சை, மாவட்டக் கவுன்சிலருக்கு மஞ்சள். ராசிபுரம் பக்கத்தில் ஒரு தொடக்கப் பள்ளி வாக்குச்சாவடி. செய்தி சேகரிக்கப் போயிருந்தேன். அட்டை மறைப்புக்குள் போன ஒரு பாட்டி, மூன்று சீட்டில் முத்திரை குத்தி மடித்துவிட்டு, நான்காவதைக் கையில் பிடித்தபடி வெளியே வந்து நின்றார்.

"சாமி, இந்த மஞ்சள் யாருக்குங்க?"

"அது மாவட்டத்துக்கு, ஆயா."

"மாவட்டம்னா கலெக்டருங்களா?"

வரிசையில் சிரிப்பு. தேர்தல் அலுவலர் மட்டும் சிரிக்கவில்லை. "கலெக்டருக்கெல்லாம் ஓட்டுப் போட முடியாதுங்க ஆயா. உள்ள போய் எதுலயாவது குத்திட்டு வாங்க, நேரமாகுது" என்றார். பாட்டி போய்க் குத்திவிட்டு வந்தார். எதில் குத்தினார் என்பது அவருக்கே நினைவிருந்திருக்காது.

அந்தக் கேள்வியை இத்தனை நாளாக நான் மறக்கவில்லை. மீண்டும் ஒரு ஊரக உள்ளாட்சித் தேர்தல் வரப்போகிறது. அன்று தேர்ந்தெடுக்கப்பட்ட 27 மாவட்டங்களின் உறுப்பினர்கள் 2020 ஜனவரி 6-ல் பதவியேற்றார்கள். 2025 ஜனவரி 5-ஆம் தேதியோடு அவர்கள் காலம் முடிந்தது. அதன் பிறகு தனி அலுவலர்கள் ஆட்சி. சேலம், நாமக்கல் இரண்டும் அந்த 27-ல் அடக்கம். வேலூர், விழுப்புரம், நெல்லை போன்ற மாவட்டங்கள் பிரிக்கப்பட்டதால் மிச்சமிருந்த ஒன்பது மாவட்டங்களுக்கு 2021 அக்டோபரில் தனியாகத் தேர்தல் நடந்தது. அங்கே கணக்கு வேறு. டீக்கடைகளில் இப்போதே பிரசிடெண்ட் பேச்சு ஓடுகிறது. வார்டு பெண்களுக்கா பொதுவா, தலைவர் பதவி இந்த முறை யாருக்கு ஒதுக்கீடு, எந்தக் குடும்பம் நிற்கிறது, யார் விட்டுக்கொடுப்பார் என்று அலசுகிறார்கள். ஒன்றிய சேர்மன் பதவியைப் பற்றிக் கட்சிக்காரர்கள் பேசுகிறார்கள். மாவட்ட ஊராட்சிக் குழுத் தலைவர் பதவியைப் பற்றி மட்டும் யாரும் வாய் திறப்பதில்லை. அப்படி ஒரு பதவி இருப்பதே பலருக்குத் தெரியாது.

பதவி சின்னதல்ல. 2019 தேர்தல் கணக்குப்படி சேலம் மாவட்டத்தில் 20 ஒன்றியங்கள், 385 ஊராட்சிகள். நாமக்கல்லில் 15 ஒன்றியங்கள், 322 ஊராட்சிகள். இத்தனைக்கும் மேலே ஒரு மாவட்ட ஊராட்சிக் குழு. சேலத்தில் அதற்கு 29 உறுப்பினர்கள், நாமக்கல்லில் 17 பேர். நாமக்கல்லை எடுத்துக்கொண்டால் ஆறு சட்டமன்றத் தொகுதிகளின் கிராமப்புறம் முழுவதற்கும் ஒரே தலைவர். வாக்காளர் எண்ணிக்கையைப் பார்த்தால் எந்த எம்.எல்.ஏ.வும் அவர் பக்கத்தில் வரமுடியாது.

ஆனால் அவரை வாக்காளர் தேர்ந்தெடுப்பதில்லை. மஞ்சள் சீட்டில் குத்தித் தேர்ந்தெடுப்பது கவுன்சிலரை. அந்தக் கவுன்சிலர்கள் கூடித் தங்களில் ஒருவரைத் தலைவராக்குகிறார்கள். 2020 ஜனவரி 11-ல் அந்த மறைமுகத் தேர்தல் நடந்தது. 27 மாவட்டங்களில் மொத்தம் 515 மாவட்ட வார்டுகள். அவற்றில் கூடுதலாக வென்றது திமுக அணி. தலைவர் பதவிகளைக் கூடுதலாகப் பிடித்ததோ அதிமுக அணி. இதில் முறைகேடு ஏதும் இருக்கவேண்டிய கட்டாயம் இல்லை. ஒரு மாவட்டத்தில் மொத்தமாக வெல்வதும் மூன்று மாவட்டங்களில் விளிம்பில் வெல்வதும் எண்ணிக்கையில் வேறுவேறாக விழும். அப்போதைய முதலமைச்சர் எடப்பாடி பழனிசாமியின் சொந்த மாவட்டமான சேலத்தில் தலைவர் நாற்காலி கூட்டணிக் கட்சியான பாமகவுக்குப் போனது. எடப்பாடியிலும் ஓமலூரிலும் மஞ்சள் சீட்டில் குத்தியவர்களில் எத்தனை பேர் அதை எதிர்பார்த்துக் குத்தினார்கள்? சிவகங்கையில் இரு அணிக்கும் எட்டு எட்டு உறுப்பினர்கள். கூட்டம் கூடாமலே தேதி தள்ளித் தள்ளிப் போய், அந்த ஆண்டு முடியும் தறுவாயில் குலுக்கல் சீட்டில்தான் தலைவர் கிடைத்தார்.

இதைச் சொன்னதும் சட்டென்று வருகிற பதில், "நேரடித் தேர்தல் வைத்துவிட வேண்டியதுதானே?" என்பது. மேயர், நகராட்சித் தலைவர் பதவிகளுக்கு நாம் 1996-லிருந்து நேரடி, மறைமுகம், நேரடி, மறைமுகம் என்று ஊஞ்சல் ஆடிக்கொண்டிருக்கிறோம். உலகத்திலும் இதற்கு முன்மாதிரி உண்டு. கென்யாவில் 2013 முதல் 47 மாவட்டங்களுக்கும் ஆளுநரை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள். அமெரிக்காவின் மேரிலாண்ட் மாநிலத்தில் பல மாவட்டங்களின் நிர்வாகத் தலைவரை, மாநில ஆளுநரைத் தேர்ந்தெடுக்கும் அதே நாளில் வாக்காளர் தேர்ந்தெடுக்கிறார். அந்த ஊர்க்காரருக்குத் தன் மாவட்டத்தின் போலீசுக்கும் சாலைக்கும் பட்ஜெட்டுக்கும் யாரைக் கேட்பது என்பது தெரியும். ஆயாவின் கேள்வியை அவர் கேட்கவேண்டியதில்லை.

எனக்கு இதில் ஒரு தயக்கம் இருக்கிறது. வேலையே இல்லாத பதவிக்கு நேரடித் தேர்தல் வைத்தால், பத்து லட்சம் பேரிடம் ஓட்டுக் கேட்கச் செலவழித்துவிட்டு, ஜெயித்தவர் கையில் ஒரு காரும் ஒரு பெயர்ப்பலகையும்தான் மிஞ்சும். போட்ட பணத்தை எடுக்க அவர் எங்கே போவார் என்பதைச் சொல்லவேண்டியதில்லை. முதலில் வேலை. எப்படித் தேர்ந்தெடுப்பது என்பது அதற்குப் பிறகு.

மாவட்ட ஊராட்சிக்கு வேலையே இல்லையா என்று கேட்கலாம். 1994-ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டத்தைப் படித்தால் ஒரு வேடிக்கை தென்படும். மாவட்டத் திட்டக் குழு என்று ஒன்று. மாவட்டத்தின் கிராமங்களுக்கும் நகரங்களுக்கும் சேர்த்து வளர்ச்சித் திட்டம் தீட்டவேண்டிய அமைப்பு; அரசமைப்புச் சட்டமே கேட்கிற அமைப்பு. அதன் தலைவர், மாவட்ட ஊராட்சித் தலைவர். துணைத்தலைவர், மாவட்ட ஆட்சியர். காகிதத்தில் கலெக்டர் இவருக்குக் கீழே உட்காருகிறார். காகிதத்தை மூடிவிட்டுப் பார்த்தால், அதே கலெக்டர்தான் ஊராட்சிகளின் ஆய்வாளர். ஊராட்சித் தலைவர் ஒருவரைப் பதவியிலிருந்து இறக்கும் நடவடிக்கையே அவர் மேசையில்தான் தொடங்கும். பாட்டி கேட்டது தப்பே இல்லை.

பணம் எங்கே போகிறது என்று பார்த்தால் இன்னும் தெளிவு. 15-ஆவது நிதிக் குழு ஊரகத்துக்குத் தந்த மானியத்தில் நூறு ரூபாய்க்கு எண்பது கிராம ஊராட்சிக்கு, பதினைந்து ஒன்றியத்துக்கு, ஐந்து மாவட்டத்துக்கு என்றுதான் தமிழ்நாட்டில் பிரித்தார்கள். கிராமத்துக்கு எண்பது போவதில் எனக்குக் குறையில்லை. ஆனால் அந்த ஐந்தையும் நாமக்கல்லின் 17 கவுன்சிலர்கள் வார்டுக்கு இவ்வளவு என்று பங்கு போட்டுக்கொண்டால், மாவட்ட ஊராட்சி செய்வது என்ன? இங்கே ஒரு நிழற்குடை, அங்கே ஒரு சிமெண்ட் சாலைத் துண்டு. பிரசிடெண்டே செய்யக்கூடிய வேலை. கல்வெட்டில் மட்டும் பெயர் மாறுகிறது.

எப்போதும் இப்படி இருந்ததில்லை. எண்பது வயதுக்காரர் யாரையாவது கேளுங்கள், தான் படித்த பள்ளியைப் 'போர்டு ஸ்கூல்' என்பார். ஜில்லா போர்டு நடத்திய பள்ளி அது. வெள்ளைக்காரன் காலத்து ஜில்லா போர்டு உயர்நிலைப் பள்ளி நடத்தியது, ஆஸ்பத்திரி நடத்தியது, சாலை போட்டது, சாலையோரம் புளியமரம் வைத்து அதன் புளியை ஏலம் விட்டுக் காசாக்கியது. தஞ்சாவூர் ஜில்லா போர்டு இன்னும் ஒரு படி மேலே போய், ஜனங்களிடம் வரி வசூலித்து மயிலாடுதுறையிலிருந்து முத்துப்பேட்டை வரைக்கும் சொந்தமாக ரயில் பாதையே போட்டது. அந்த போர்டுக்குத் தலைவராக இருந்த ஏ.டி.பன்னீர்செல்வம் பிறகு மாகாண அமைச்சரானார். போர்டு தலைவர் பதவி என்றால் அந்த நாளில் நீதிக் கட்சியும் காங்கிரசும் முட்டி மோதிக்கொண்டன. அன்றைக்கு ஓட்டு எல்லோருக்கும் கிடையாது. சொத்து வைத்திருந்தவனுக்கும் வரி கட்டினவனுக்கும்தான். அந்தப் பொற்காலம் திரும்பவேண்டும் என்று நான் சொல்லவரவில்லை. அதிகாரம் இருந்தபோது ஓட்டு இல்லை, ஓட்டு வந்தபோது அதிகாரம் இல்லை என்பதைத்தான் கவனிக்கச் சொல்கிறேன்.

1958-ல் காமராஜர் அரசு கொண்டுவந்த சட்டங்களோடு ஜில்லா போர்டுகளின் கதை முடிந்தது. பஞ்சாயத்து யூனியன்கள் பிறந்தன. தொடக்கப் பள்ளி ஆசிரியர்களுக்குச் சம்பளம் கொடுக்கும் வேலை யூனியனிடம் வந்தது. சேர்மன் என்றால் வட்டாரத்தில் ராஜா. எம்.ஜி.ஆர். ஆட்சியில் 1981-ல் அந்த ஆசிரியர்கள் அரசு ஊழியர்களானார்கள். 'ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளி' என்ற பெயர்ப்பலகை இன்றும் தொங்குகிறது, ஒன்றியத்துக்கும் பள்ளிக்கும் உள்ள உறவு சுவரும் கூரையும்தான். ஜில்லாவிலிருந்து யூனியனுக்கு, யூனியனிலிருந்து கோட்டைக்கு. 1992-ல் அரசமைப்புச் சட்டத்தின் 73-ஆவது திருத்தம் வந்து 29 துறைகளை ஊராட்சிகளுக்குத் தரலாம் என்று பட்டியல் போட்டது. தரலாம் என்றது, தரவேண்டும் என்று சொல்லவில்லை. அந்த ஒரு சொல்லில் முப்பது வருடங்களாக எல்லாக் கட்சிகளும் சாய்ந்து படுத்திருக்கின்றன.

பக்கத்து மாநிலங்களைப் பாருங்கள். கர்நாடகத்தில் ராமகிருஷ்ண ஹெக்டே ஆட்சியில் அப்துல் நசீர் சாப் என்ற அமைச்சர் ஜில்லா பரிஷத்தை உண்மையிலேயே ஒரு குட்டி அரசாங்கமாக்கினார். 1987 தேர்தலுக்குப் பிறகு பரிஷத் தலைவருக்கு இணையமைச்சர் அந்தஸ்து. அவருக்குக் கீழே தலைமைச் செயலராக உட்கார்ந்த ஐ.ஏ.எஸ். அதிகாரி, மாவட்டக் கலெக்டரை விடப் பணியில் மூத்தவர். ஊர் ஊராக ஆழ்துளைக் கிணறு போட்டு 'நீர் சாப்' என்று பெயர் வாங்கியவர் நசீர் சாப். (ரிக் வண்டிகளுக்குப் பெயர்போன திருச்செங்கோட்டுக்காரர்களுக்கு இந்தப் பெயரின் அருமை புரியும்.) அதே கர்நாடகத்தில் 2021-ல் ஜில்லா பஞ்சாயத்துகளின் காலம் முடிந்தபின் தேர்தலையே இழுத்தடித்தார்கள் என்பதும் நினைவிருக்கட்டும். கேரளத்திலோ மாவட்ட மருத்துவமனையும் மேல்நிலைப் பள்ளிகளும் அரசுப் பண்ணைகளும் மாவட்டப் பஞ்சாயத்தின் பொறுப்பில் இருக்கின்றன. அங்கே மாவட்டப் பஞ்சாயத்துத் தலைவரிடம் போய், ஆஸ்பத்திரியில் ஸ்கேன் மெஷின் ஏன் ஓடவில்லை என்று கேட்கலாம். நாமக்கல்லில் யாரிடம் கேட்பது?

நம் சேலம்-நாமக்கல் சமவெளிக்கு இந்த இடைநிலை அரசு மற்ற இடங்களை விட அதிகம் தேவை என்பது என் எண்ணம். ஏனென்றால் இங்கே பெரிய தொல்லைகள் எல்லாம் ஊராட்சி எல்லையைத் தாண்டி ஓடுபவை. திருமணிமுத்தாற்றை எடுத்துக்கொள்வோம். சேர்வராயன் மலையில் பிறக்கிறது. சேலம் நகருக்குள் நுழையும்போது ஆறு, வெளியே வரும்போது சாக்கடையும் சாயமும். உத்தமசோழபுரம் கரபுரநாதர் கோயில் பக்கம் தடுப்பணையில் மழைக்காலத்தில் வெள்ளை நுரை ஆளுயரத்துக்கு எழும்பி, காற்றடித்தால் பஞ்சுபோலச் சாலையில் பறக்கும். படம் எடுக்கப் பத்திரிகைக்காரர்கள் போவோம், நானும் போயிருக்கிறேன். அங்கிருந்து ஆட்டையாம்பட்டி வழியாக நாமக்கல் மாவட்டத்துக்குள் இறங்கி, நஞ்சை இடையாறு அருகே காவிரியில் கலக்கிறது. கரையில் கிணறு வைத்திருக்கிற விவசாயி குடிதண்ணீருக்குக் கேன் வாங்குகிறார். எந்த பிரசிடெண்ட் இதைச் சரி செய்வார்? அவர் எல்லைக்குள் ஆறு ஒன்றோ இரண்டோ கிலோமீட்டர்தான். மாநகராட்சி ஒரு பக்கம், மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் ஒரு பக்கம், நீர்வளத் துறை ஒரு பக்கம். கரையோர ஊராட்சிகள் அத்தனைக்கும் சேர்த்து, கேள்வி கேட்கும் தகுதியுள்ள தேர்ந்தெடுக்கப்பட்ட ஆள் என்றால் இரண்டு மாவட்ட ஊராட்சித் தலைவர்களும்தான். 1997-ல் நாமக்கல் தனி மாவட்டமாகப் பிரிந்தபின், இந்த ஆற்றுக்காக இரண்டு மாவட்ட ஊராட்சிகளும் ஒரு மேசையில் உட்கார்ந்தன என்று எந்தக் கரைக்காரர் சொல்லியும் நான் கேட்டதில்லை.

ஆறு பெரிய விஷயம். சின்னது ஒன்றும் சொல்கிறேன். எனக்கு உறவுக்காரர்கள் இருக்கிற ஓர் ஊருக்கும் அடுத்த ஊருக்கும் நடுவே ஓடை, அதில் ஒரு தரைப்பாலம். அறுவடைக் காலத்தில் குச்சிக்கிழங்கு லோடு ஏற்றின லாரிகள் ஜவ்வரிசி மில்லுக்கு அதன் வழியாகத்தான் போகும். ஒரு ஐப்பசி மழையில் பாலத்தின் கீழ்க்குழாய் ஒன்று உடைந்து, மேலே ஓர் ஆள் இறங்கும் அளவுக்குக் குழி. இந்த ஊராட்சியில் கேட்டால் குழி அந்தப் பக்கம் என்றார்கள். அந்த ஊராட்சியில் கேட்டால் சாலை ஒன்றியத்துடையது என்றார்கள். ஒன்றிய அலுவலகத்தில் மனு கொடுத்ததற்கு, சாலை எங்களுடையது, ஓடை வேறு துறை, பாலம் ஓடையில் வருகிறது என்று பதில். மனுநீதி நாளில் போய் நின்றேன். சீட்டு ஒன்று கொடுத்தார்கள், நம்பர் போட்டு. அந்தச் சீட்டு இன்னும் என்னிடம் இருக்கிறது. மாவட்டக் கவுன்சிலரைப் பார்க்கலாம் என்று ஒருவருக்குத் தோன்றி, அவர் யார் என்று விசாரித்தோம். ஊரில் ஒருவருக்கும் பெயர் தெரியவில்லை. ஏறக்குறைய ஐம்பதாயிரம் பேருக்கு ஒரு மாவட்ட வார்டு என்பது சட்டக் கணக்கு. ஓட்டுக் கேட்க ஒரு முறை வேனில் வந்துபோனவர் முகம் எவ்வளவு நாள் நினைவிருக்கும்?

அதிகாரம் ஏன் வருவதில்லை என்பதற்குப் பெரிய ஆராய்ச்சி வேண்டாம். ஒரு மாவட்டத்தில் எம்.எல்.ஏ.க்களை விடப் பெரிய பரப்புக்கு, கையில் பட்ஜெட்டோடு ஒருவர் உட்கார்ந்தால் அவர் நாளைய அமைச்சர் வேட்பாளர். சேலத்தில் பதினொரு எம்.எல்.ஏ.க்கள், அதில் ஒருவர்கூட அதை விரும்பமாட்டார், எந்தக் கட்சியாக இருந்தாலும். கலெக்டர் பதவியும் தன் மேசையைத் தானாக நகர்த்திக்கொள்ளாது. கோட்டைக்கும் கலெக்டரே வசதி. மாற்றிவிடலாம், எதிர்த்துப் பேசமாட்டார். திமுக, அதிமுக இரண்டுமே மாநில சுயாட்சி பேசின கட்சிகள். டெல்லியிடம் கேட்பதைச் சேலத்துக்குக் கொடுக்க மனம் வருவதில்லை.

இதனால்தான் தேர்தல் தள்ளிப்போனாலும் பெரிய சத்தம் எழுவதில்லை. ஐந்தாண்டு முடிவதற்குள் அடுத்த தேர்தல் நடந்தாகவேண்டும் என்கிறது அரசமைப்புச் சட்டம். உச்ச நீதிமன்றமும் 2006-ல் கிஷன்சிங் தோமர் வழக்கில் அதை அழுத்திச் சொல்லிவிட்டது. நாமோ 2016 அக்டோபரில் நடக்கவேண்டிய தேர்தலை, பழங்குடியினர் இடஒதுக்கீட்டுக் குறையைக் காட்டி உயர் நீதிமன்றம் ரத்து செய்தபின், மூன்று வருடம் கழித்துத்தான் நடத்தினோம். அந்தக் காலத்தில் தேர்ந்தெடுத்த மன்றம் இல்லை என்று மத்திய மானியம் நின்றது. 2025 ஜனவரிக்குப் பிறகும் அதே பாட்டு, வார்டு மறுவரையறை என்ற ராகத்தில். மறுவரையறைக்குக் காரணமில்லாமலும் இல்லை. நாமக்கல் 2024-ல் மாநகராட்சியானது; சுற்றுப்புற ஊராட்சிகளை அதில் சேர்ப்பதை எதிர்த்து, நூறு நாள் வேலை போய்விடும், வீட்டு வரி ஏறிவிடும் என்று ஜனங்கள் சாலையில் உட்கார்ந்தார்கள். ஆனால் பதவிக்காலம் எந்தத் தேதியில் முடியும் என்பது பதவியேற்ற அன்றே தெரியும். ஐந்து வருடம் இருந்தது. இலங்கையில் மாகாண சபைகளின் காலம் 2017-லிருந்து ஒவ்வொன்றாக முடிந்து, தொகுதி எல்லைப் பிரச்சினையைச் சொல்லித் தேர்தலே நடக்காமல் ஆளுநர்கள் கையில் போனதை நாம் கண்டித்துப் பேசுகிறோம். தனி அலுவலர் என்று பெயர் மாற்றினால் வேறு சங்கதி ஆகிவிடாது.

தேர்தல் தேதி அறிவித்ததும் கட்சிக்காரர்கள் மஞ்சள் சீட்டுக்கு ஓட்டுக் கேட்டு வருவார்கள். மாவட்ட வார்டு கட்சிச் சின்னத்தில் நடக்கிற தேர்தல். கட்சியைக் கேட்க வாக்காளருக்கு உரிமை உண்டு. மாவட்டத் திட்டக் குழுவை மூன்று மாதத்துக்கு ஒரு முறை கூட்டுவீர்களா? அதன் நடவடிக்கைக் குறிப்பை ஒன்றிய அலுவலகத்தில் ஒட்டுவீர்களா? இரண்டு ஊராட்சிக்கு நடுவில் இருக்கிற சாலை, பாலம், ஓடை அத்தனையையும் மாவட்ட ஊராட்சியின் பெயரில் எழுதிக் கொடுக்க உங்கள் கட்சி ஆட்சி அரசாணை போடுமா? கூட்டுக் குடிநீர்த் திட்டத்தில் எந்த ஊருக்கு எத்தனை நாளுக்கொரு முறை தண்ணீர் என்பதைக் குடிநீர் வாரியப் பொறியாளர் உங்கள் கூட்டத்துக்கு வந்து சொல்லவேண்டும் என்று விதி கொண்டுவருவீர்களா? இதில் எதற்கும் அரசமைப்புத் திருத்தம் தேவையில்லை. கோட்டையில் ஒரு கையெழுத்துப் போதும், அதிகம் போனால் சட்டமன்றத்தில் ஒரு திருத்தம்.

2020 ஜனவரி 2-ல் வாக்கு எண்ணும் ஒரு கல்லூரி மண்டபத்தில் இருந்தேன். பெட்டியைக் கவிழ்த்ததும் நான்கு நிறமும் மேசையில் கலந்து கொட்டின. நிறம் நிறமாகப் பிரித்து, ஐம்பது ஐம்பதாக ரப்பர் பேண்ட் போட்டார்கள். இளஞ்சிவப்புக் கட்டுக்குப் பக்கத்தில் முண்டியடித்துக் கூட்டம். ஒரு செல்லாத ஓட்டுக்கு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு சண்டை. மஞ்சள் கட்டு எண்ணுகிற இடத்தில் இரண்டு ஏஜெண்டுகள். ஒருவர் கன்னத்தில் கை வைத்துத் தூங்கிக்கொண்டிருந்தார். இன்னொருவர், எதிர்க் கட்சிக்காரர்தான், தனக்கு வாங்கின டீயில் பாதியை அவருக்கு எடுத்து வைத்துவிட்டு எண்ணிக்கையை இருவருக்குமாகக் குறித்துக்கொண்டிருந்தார்.

தரைப்பாலத்துக் குழிக்குள் போன மாதம் யாரோ ஒரு வேப்பங்கிளையை நட்டு, நுனியில் சிவப்புத் துணி கட்டியிருக்கிறார்கள். ராத்திரி வண்டிக்கு அடையாளம்.